ஸ்கூட்டர்: ஹாம்பர்க் டெக்னோ குழு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஸ்கூட்டர் என்றால் யார்?

ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் 1993இல் உருவான நடன இசைக் குழு. மேடையில் முன்னால் நிற்பவர் எச்.பி. பாக்ஸ்டர். வெள்ளை வெளேரென்று வெளுத்த தலைமுடியும் கையில் மைக்கும்தான் அவருடைய அடையாளம். இயற்பெயர் ஹான்ஸ் பீட்டர் கியர்டெஸ். 1964 மார்ச் 16 அன்று வடமேற்கு ஜெர்மனியில் லேயர் என்ற ஊரில் பிறந்தவர். தொடக்கத்தில் அவருடன் இருந்தவர்கள் கீபோர்டு வாசித்த ரிக் ஜே. ஜோர்டன், ஃபெரிஸ் பியூலர் இருவரும். மேலாளர் யென்ஸ் தேலே மேடை ஏறுவதில்லை. ஆனாலும் எந்தப் பாட்டைச் செய்வது, எதை விடுவது என்ற முடிவுகளில் அவர் பெயர் எப்போதும் இருக்கும்.

இணையத்தில் தேடும்போது 'ஸ்கூட்டர்' என்று மட்டும் போட்டால் இருசக்கர வண்டியும் அதன் மைலேஜும்தான் வரும். குழுப் பெயரோடு பாக்ஸ்டர் என்றோ ஹாம்பர்க் என்றோ சேர்த்துத் தேடுங்கள்.

அதற்கு முன் என்ன செய்துகொண்டிருந்தார்கள்?

பாக்ஸ்டரும் ஜோர்டனும் 1980களின் பிற்பாதியில் ஹனோவரில் 'செலிபிரேட் த நன்' என்ற சின்த்பாப் (மின்னணுக் கருவிகளில் வாசிக்கும் பாப் இசை) குழுவை நடத்தினார்கள். இருண்ட, மெலிந்த குரலில் பாடும் வகை. 1990இல் ஒன்று, 1991இல் ஒன்று என இரண்டு ஆல்பங்கள் வந்தன. பிற்காலத்தில் கூட்டத்தைப் பார்த்துக் கத்தும் அதே ஆள்தான் இதில் மென்மையாகப் பாடுகிறார் என்று சொன்னால் முதல்முறை கேட்பவர்கள் நம்பமாட்டார்கள்.

அது கலைந்தபின் இருவரும் ஹாம்பர்க் போனார்கள். பாக்ஸ்டருக்கு எடல் இசைத்தட்டு நிறுவனத்தில் வேலை. அங்கே நடன இசைப் பிரிவைப் பார்த்துக்கொண்டவர்தான் தேலே. பியூலரையும் சேர்த்துக்கொண்டு 'த லூப்!' என்ற பெயரில் மற்றவர்கள் பாட்டுகளுக்கு ரீமிக்ஸ் செய்து கொடுத்தார்கள். ஒரு ரீமிக்ஸ் குழுவுக்குக் கைவந்த தொழில் எது? அடுத்தவன் மெட்டை நடனத் தளத்துக்கு ஏற்றபடி மறுபடி கட்டுவது. ஸ்கூட்டரின் முப்பது வருடப் பிழைப்பும் இந்தப் பட்டறையில் கற்ற தொழில்தான்.

முதல் வெளியீடு எது?

'வாலே தெ லார்ம்', பிரெஞ்சு இசையமைப்பாளர் ரெனே ஓப்ரியின் மெட்டு. ஸ்கூட்டர் என்ற பெயர் முதலில் ஒட்டியது அதில்தான். பாக்ஸ்டரின் கத்தல் அதில் கிடையாது.

'ஹைப்பர் ஹைப்பர்' ஏன் இவ்வளவு பேசப்படுகிறது?

1994இல் வந்த இந்தப் பாட்டில்தான் அவர்களுடைய முறை முழுதாக அமைந்தது. பின்னணி, ஸ்காட்லாந்தின் அல்ட்ரா-சோனிக் குழுவின் 'அனைஹிலேட்டிங் ரிதம்' பாட்டிலிருந்து எடுத்தது. அதன்மேல் பாக்ஸ்டர் ரேவ் (விடிய விடிய நடக்கும் டெக்னோ நடன விருந்து) கூட்டத்தை வரவேற்கிறார், நேரலை நிகழ்ச்சியில் பேசுவதுபோலப் பேசுகிறார், பிறகு அக்காலத்தில் பெயர்பெற்ற டிஜேக்களின் பெயர்களை நன்றி சொல்வதுபோல வரிசையாக வாசிக்கிறார். பாடல்வரி என்று சொல்ல அவ்வளவுதான் இருக்கிறது. ஜெர்மன் தரவரிசையில் 2ஆம் இடம் வரை போனது.

ஒரு நன்றி அறிவிப்பு எப்படிப் பாட்டாக நின்றது? ரேவ் இசையில் அதுவரை பெரும்பாலும் பாட்டுக்கு முகம் கிடையாது. டிஜே இருட்டில் இருப்பார், இசைத்தட்டில் குரல் இருந்தாலும் யாருடையது என்று தெரியாது. 'ஹைப்பர் ஹைப்பர்' அந்த இசைக்கு ஒரு வாயைக் கொடுத்தது. தெருக்கூத்தில் கட்டியங்காரன் வந்து ஆட்டத்தைத் தொடங்கிவைத்து, நடுநடுவே கூட்டத்தைச் சீண்டுவான் அல்லவா, அந்த வேலை. வித்தியாசம் என்னவென்றால் இங்கே ராஜா வேடம் வருவதே இல்லை. கட்டியங்காரனே விடிய விடிய ஆடுகிறான்.

அப்படியானால் பாக்ஸ்டர் பாடகர் இல்லையா?

பெரும்பாலும் இல்லை. அவர் எம்சி, அதாவது மைக் பிடித்துக் கூட்டத்தைக் கிளப்புபவர். வசனம் அவருடையது, பல்லவி வேறொருவர் குரல், அதையும் சுருதி ஏற்றிக் கீச்சென்று ஆக்கியிருப்பார்கள். விதிவிலக்குகள் உண்டு: 1996இன் 'பிரேக் இட் அப்', 2000இன் 'ஷி இஸ் த சன்' இரண்டும் நிதானமான பாட்டுகள், அவற்றில் அவர் பாடவே செய்கிறார். வசனங்களுக்குப் பொருள் தேடி அலைய வேண்டாம். பிரிட்டனின் கேஎல்எஃப் இரட்டையரிடமிருந்து கற்ற பாணி அது. அவர்கள் 1990களின் தொடக்கத்தில் தங்கள் இசையை 'ஸ்டேடியம் ஹவுஸ்' என்றார்கள். 2003இல் ஸ்கூட்டர் தன் ஆல்பத்துக்கு 'த ஸ்டேடியம் டெக்னோ எக்ஸ்பீரியன்ஸ்' என்று பெயர் வைத்தது. 2007இல் வந்த 'பிஹைண்ட் த கவ்' பாட்டில் கேஎல்எஃப்பின் மெட்டே இருக்கிறது. கடனை மறைக்கும் பழக்கம் இவர்களுக்கு இல்லை.

உறுப்பினர்கள் எப்போது, எப்படி மாறினார்கள்?

குழு தன் வாழ்க்கையை 'அத்தியாயங்கள்' என்று பிரித்துக்கொள்கிறது. ஆள் மாறும்போது அத்தியாயம் மாறும். கூடவே ஒலியும் மாறும் என்பதால் இந்தப் பிரிவைத் தெரிந்துவைத்திருப்பது கேட்பவருக்கும் வசதி.

முதல் அத்தியாயம் 1998 வரை: பாக்ஸ்டர், ஜோர்டன், பியூலர். ஹாப்பி ஹார்ட்கோர் என்ற மிக வேகமான, துள்ளலான டெக்னோ வகையின் காலம். பியூலர் விலகியதும் ஆக்ஸல் கூன் வந்தார். ஒலி கொஞ்சம் நிதானப்பட்டு டிரான்ஸ் என்ற மெட்டு மிகுந்த மின்னணு நடன இசைப் பக்கம் சாய்ந்தது. 2002இல் கூன் போய் ஜே ஃப்ராக் வந்தார். 2006இல் அவர் போய் மைக்கேல் சைமன். இந்த மூன்று மாற்றத்திலும் அசையாமல் ஸ்டுடியோவைக் கையில் வைத்திருந்தவர் ஜோர்டன்.

அதனால்தான் பெரிய உடைவு 2014 தொடக்கத்தில் ஜோர்டன் விலகியபோது வந்தது. அவர் இடத்துக்கு ஆஸ்திரியரான ஃபில் ஷ்பைஸர் வந்தார். 'டர்ட்டி டிஸ்கோ யூத்' என்ற பெயரில் அதுவரை கரடுமுரடான எலக்ட்ரோ செய்தவர். அந்த ஆண்டு வெளியான 'த ஃபிப்த் சாப்டர்' ஆல்பத்தைக் கேட்டால் அமெரிக்கத் திருவிழா மேடைகளின் இடிஎம் (மின்னணு நடன இசை) வாடை நன்றாக வீசும். பழைய ரசிகர்கள் முகம் சுளித்தார்கள். காரணம் இல்லாமல் இல்லை. ஷ்பைஸருக்குப் பின் செபாஸ்டியன் ஷில்ட. 2022இல் சைமனும் ஷில்டவும் விலக, ஜே ஃப்ராக் பதினாறு ஆண்டு கழித்துத் திரும்பினார், மார்க் ப்ளூ புதிதாகச் சேர்ந்தார்.

முதல் நாளிலிருந்து மாறாதவர் பாக்ஸ்டர் ஒருவர்தான்.

எந்த மெட்டை எங்கிருந்து எடுத்தார்கள்?

முழுப் பட்டியல் நீளம். முக்கியமானவற்றைச் சொல்கிறோம்.

1995இன் 'பேக் இன் த யூகே' பாட்டில் வரும் துள்ளல் மெட்டு, பழைய மிஸ் மார்பிள் துப்பறியும் படத்துக்கு ரான் குட்வின் அமைத்தது. 1996இன் 'ஐ ஆம் ரேவிங்' மார்க் கோனின் 'வாக்கிங் இன் மெம்பிஸ்' மெட்டில் ஓடுகிறது. நடுவில் 'ஸ்காட்லாந்து த பிரேவ்' என்ற பைப் இசையும் தலைகாட்டும். 'ரெபெல் யெல்' பில்லி ஐடலுடையது. 1997இன் 'த ஏஜ் ஆஃப் லவ்' டெர்மினேட்டர் இரண்டாம் படத்தின் கருப்பொருள் இசையைத் தொடுகிறது.

1998இன் 'ஹவ் மச் இஸ் த ஃபிஷ்?' இந்த விஷயத்தில் மிகச் சுவையானது. அதன் மெட்டு பிரான்சின் பிரெட்டான் மக்கள் ஆப்பிள் மதுவைப் பற்றிப் பாடும் 'சான் ஆர் சிஸ்தர்' என்ற பாட்டு. அதை டச்சுக் குழு போட்ஸ் 'ஸேவன் டாகன் லாங்' என்று பாடிப் பரப்பியது. ஸ்கூட்டர் வரை வந்து சேர்ந்தது இந்த வழியில்தான். தலைப்பில் உள்ள மீன் விலைக் கேள்வியோ ஸ்டம்ப் என்ற 1980களின் குழு பாடியது. ஆக, ஒரு கிராமத்துக் குடிப்பாட்டும் ஒரு விசித்திரக் குழுவின் கேள்வியும் சேர்ந்து ஜெர்மனியில் 3ஆம் இடம் பிடித்தன.

2001இன் 'த லாஜிக்கல் சாங்' 1979இல் சூப்பர்டிராம்ப் வெளியிட்டது. 'நெஸ்ஸாயா' பீட்டர் மாஃபையின் டபலூகா என்ற குட்டி டிராகன் கதைத் தொடரிலிருந்து வந்தது. ஜெர்மனியில் ஒரு தலைமுறைப் பிள்ளைகள் கேட்டு வளர்ந்த பாட்டு. 2003இன் 'வீக்எண்ட்!' டச்சுக் குழு எர்த் அண்ட் ஃபயருடையது. 'பல்ஸ்டார்' வான்கெலிஸ். 2009இன் 'தி சென்டோ' இத்தாலியின் மாத்தியா பஸார் குழுவுடையது. அதில் அந்தக் குழுவின் பழைய பாடகி அந்தோனெல்லா ருஜ்ஜேரோவையே அழைத்துப் பாடவைத்தார்கள். 'விசில் போட ஒரு வரி' என்று ரசிகர்கள் கேட்கும் 'மரியா' (2003) பாட்டில் சொல்லே இல்லாத அந்த 'டொப் டொப்' முழக்கம், ஜெர்மன் ஹார்ட்கோர் முன்னோடி மார்க் அகார்டிபானேயின் பழைய பாட்டைத் தழுவியது. அவர் பெயரையும் வெளியீட்டிலேயே போட்டார்கள்.

இப்படி எடுத்தால் வழக்கு வராதா?

எதை எடுக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. மூன்று வகையைக் குழப்பிக்கொள்வதுதான் புதியவர்கள் செய்யும் முதல் தவறு.

பழைய ஒலிப்பதிவிலிருந்தே ஒரு துண்டை வெட்டி எடுத்தால் அது சாம்பிள். அதற்கு இரண்டு அனுமதி வேண்டும்: ஒலிப்பதிவின் உரிமையாளரிடம் ஒன்று, மெட்டையும் வரியையும் நிர்வகிக்கும் பதிப்பாளரிடம் ஒன்று. ஒலிப்பதிவைத் தொடாமல் மெட்டை மட்டும் புதிதாக வாசித்து, பாடிப் பதிவு செய்தால் முதல் அனுமதி தேவையில்லை, பதிப்பாளர் அனுமதி போதும். இரண்டு பக்கமும் பேரம் பேசுவதை விட ஒரு பக்கம் பேசுவது எளிது என்பதால் பெரிய பாப் மெட்டுகளைப் பலரும் மறுபடி பாடித்தான் பயன்படுத்துகிறார்கள். மூன்றாவது, ஏற்கெனவே வெளியான பாட்டை வரி, மெட்டு மாற்றாமல் அப்படியே பாடுவது. ஜெர்மனியில் இதற்கு கேமா என்ற உரிமைச் சங்கத்தில் உரிமம் எடுத்துத் தொகை கட்டினால் போதும்.

ஸ்கூட்டர் பாணி பெரும்பாலும் இரண்டாவது வகை. நடுவில் சொந்த வசனம் நுழைந்துவிட்டால் அது தழுவல் ஆகிவிடும்; ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டம் 23ஆம் பிரிவுப்படி மூல ஆசிரியரின் சம்மதம் வேண்டும். 'நாங்கள் கவர்தானே செய்தோம்' என்று கேமா உரிமத்தை மட்டும் நம்பி வெளியிட்டு மாட்டிக்கொள்வது இங்கேதான். சம்மதம் கிடைத்தாலும் பாட்டின் எழுத்து வருமானத்தில் பெரும் பங்கையோ முழுவதையுமோ பதிப்பாளர் கேட்கலாம். உங்களுக்கு மிஞ்சுவது ஒலிப்பதிவு வருமானமும் மேடைச் சம்பளமும்.

சின்னத் துண்டுதானே என்று நினைப்பவர்கள் கிராஃப்ட்வெர்க் வழக்கைப் படிக்க வேண்டும். டுசெல்டார்ஃபின் அந்த முன்னோடிக் குழு 1977இல் வெளியிட்ட 'மெட்டால் ஆஃப் மெட்டால்' பாட்டிலிருந்து சுமார் 2 விநாடித் தாளத்தை எடுத்து, 1997இல் தயாரிப்பாளர் மோசஸ் பெல்ஹாம் ஒரு ராப் பாட்டில் சுழலவிட்டார். வழக்கு ஜெர்மன் உச்ச நீதிமன்றம், அரசியலமைப்பு நீதிமன்றம், லக்ஸம்பர்கின் ஐரோப்பிய நீதிமன்றம் என்று இருபது ஆண்டுக்கு மேல் அலைந்தது. 2019இல் ஐரோப்பிய நீதிமன்றம் சொன்னது: காதுக்கு அடையாளம் தெரியும்படி எடுத்தால் அனுமதி வேண்டும், தெரியாதபடி உருமாற்றினால் வேண்டாம். 2020 தீர்ப்பு 2002 டிசம்பர் 22ஆம் தேதியை எல்லைக்கோடாக்கியது. அதற்கு முந்தைய பயன்பாட்டுக்குப் பழைய சட்டம், பிந்தையதற்குக் கடுமையான விதி. 2021இல் ஜெர்மனி 'பாஸ்டிஷ்' (இன்னொருவர் படைப்பைப் பாவித்துச் செய்யும் படைப்பு) விதிவிலக்கைச் சட்டத்தில் சேர்த்ததும், அதன் பொருள் என்ன என்று கேட்டு 2023இல் வழக்கு மறுபடி லக்ஸம்பர்க் போனது. 2 விநாடிக்கு இவ்வளவு.

அந்தக் கீச்சுக்குரலை எப்படி உருவாக்குவது?

பழைய சாம்பிளரில் (ஒலித்துண்டைப் பதிந்து வாசிக்கும் கருவியில்) வேகமும் சுருதியும் ஒன்றோடொன்று கட்டப்பட்டவை. வேகம் கூட்டினால் சுருதி ஏறும். ஏறும்போது குரல்வளையின் அளவே சுருங்கியதுபோல் ஒலிக்கும். அந்தக் 'குறை'தான் இந்த இசைக்கு அடையாளமாகிவிட்டது.

கணக்கு இப்படி: சுருதியை 6 அரைசுரம் (ஒரு ஸ்தாயிக்கு 12 அரைசுரம்) ஏற்றினால் வேகம் 1.414 மடங்கு. உங்கள் பாட்டு 142 பிபிஎம் (நிமிடத்துக்கு 142 தாளம்) என்றால், 142ஐ 1.414ஆல் வகுங்கள், 100.4 வரும். பாடகர் 100.4 பிபிஎம் மெட்ரோனோமுக்கு, இலக்குச் சுருதிக்கு 6 அரைசுரம் கீழே பாட வேண்டும். பதிவை ஏற்றினால் வேகமும் சுருதியும் ஒரே நேரத்தில் பொருந்தும். 5 அரைசுரம் போதும் என்றால் 1.335ஆல் வகுங்கள், 106.4 வரும். 7ஐத் தாண்டினால் மெய்யெழுத்துகள் மழுங்கி வரி புரியாமல் போகும்.

பெரும்பாலானோர் தடுக்கி விழும் இடங்கள் இரண்டு. ஒன்று, இன்றைய மென்பொருள் சுருதியை ஏற்றும்போது குரலின் இயல்பைக் காப்பாற்றும் 'ஃபார்மன்ட்' வசதியைத் தானாகவே இயக்கிவிடும். அது இயங்கினால் உயரமாகப் பாடும் சாதாரணக் குரல்தான் கிடைக்கும். அதை அணைத்துவிட்டு, வேகத்தோடு சுருதி மாறும் 'ரீபிட்ச்' முறையைத் தேர்ந்தெடுங்கள். இரண்டு, பாடகர் மெதுவான தாளத்தில் இயல்பாக அதிர்வு கொடுத்துப் பாடிவிடுவார். நொடிக்கு 5 அதிர்வு என்றால் ஏற்றியபின் 7 ஆகிவிடும். ஆட்டுக்குட்டி கத்துவதுபோல் இருக்கும். நேராக, அதிர்வில்லாமல் பாடச் சொல்லுங்கள். மூச்சு விடும் சத்தத்தையும் முன்கூட்டியே வெட்டிவிடுங்கள், வேகத்தில் அது விக்கலாகும்.

கிக், பேஸ், சின்த் அளவுகள்?

கீழே உள்ளவை குழுவின் ஸ்டுடியோக் கோப்பிலிருந்து எடுத்தவை அல்ல. இந்த வகைப் பாட்டைக் கட்டுபவர்கள் எங்கே தொடங்கலாம் என்பதற்கான அளவுகள்.

கிக் (ஒவ்வொரு தாளத்திலும் இடிக்கும் டிரம் அடி) என்றால் ரோலண்ட் டிஆர்-909 தாளக் கருவி வகை, கொஞ்சம் டிஸ்டார்ஷன் (ஒலியை வேண்டுமென்றே கரகரப்பாக்குவது). 145 பிபிஎம்மில் ஒரு தாளத்துக்கும் அடுத்ததற்கும் இடைவெளி 414 மில்லிவிநாடி. பேஸ் (தாழ்ந்த சுர ஒலி) அதன் நடுவில், 207இல் விழும். அதனால் கிக்கின் வால் 200 மில்லிவிநாடிக்குள் அடங்க வேண்டும். 170 பிபிஎம் என்றால் நடுப்புள்ளி 176. 145க்கு அமைத்த கிக்கை அப்படியே 170க்குக் கொண்டுபோனால் வால் பேஸின் மேல் ஏறிக் கீழ்ஒலி முழுக்கச் சேறாகும். 'என் பாட்டு மட்டும் ஏன் கொழகொழவென்று இருக்கிறது' என்று கேட்பவர்களில் பாதிப் பேருக்குப் பதில் இதுதான்.

மீதிப் பாதிக்குச் சுருதி. கிக்குக்கும் சுரம் உண்டு: 49 ஹெர்ட்ஸ் என்றால் அது ஜி, 55 என்றால் ஏ. பாட்டு ஏ மைனரில் இருக்க, கிக் இரண்டுக்கும் நடுவில் 52இல் நின்றால் ஒவ்வொரு அடியும் பேஸோடு சண்டை போடும்.

மெட்டை வாசிக்கும் அகலமான சின்த் ஒலிக்கு 'சூப்பர்சா' என்று பெயர். ரோலண்ட் ஜேபி-8000 கருவியோடு 1990களின் பிற்பாதியில் பரவியது; ஏழு ரம்ப அலைகளைச் சற்றே சுருதி பிசகவிட்டு அடுக்குவது. 150 ஹெர்ட்ஸுக்குக் கீழே அதை வெட்டிவிடுங்கள். 1994–96 பாட்டுகளின் உறுமலுக்கு வேண்டியது வேறு: 'ஹூவர்' ஒலி, ஆல்ஃபா ஜூனோ கருவியில் பிறந்தது. சூப்பர்சாவை வைத்துக்கொண்டு 1995 ஒலியை வரவழைக்கப் பார்த்தால் வராது.

ஒரு சிங்கிளின் (தனியாக வெளியிடும் பாட்டின்) அமைப்பு எப்படி இருக்கும்?

142 பிபிஎம்மில் ஒரு பார் (நான்கு தாளம்) 1.69 விநாடி. 128 பார் வைத்தால் 3 நிமிடம் 36 விநாடி. வானொலிக்குச் சரியான நீளம். கூட்டத்தின் ஆரவாரத்தோடு ஒரு வசனம், 16 பார் தாளம், கீச்சுக்குரல் பல்லவி தாளமில்லாமல் 8 அல்லது 16 பார், ஒரு பார் மௌனம், அந்த மௌனத்தில் பாக்ஸ்டரின் ஒற்றை வரி, பிறகு முழுத் தாளத்தோடு மெட்டு. நடுவில் வசனச் சரணம், மறுபடி எல்லாம். அந்த ஒரு பார் மௌனத்தில்தான் பாட்டின் உயிர் இருக்கிறது. அதில் ரிவெர்ப் (எதிரொலி) வாலை ஓடவிட்டு நிரப்பினால் அடுத்த அடி செத்துவிழும்.

வசனத்தை மைக்குக்கு நெருங்கி நின்று உண்மையாகவே கத்திப் பதிவு செய்ய வேண்டும். மெல்லப் பேசி ஒலியைக் கூட்டினால் காது ஏமாறாது.

ஜெர்மனியில் முதலிடம் எத்தனை முறை?

சிங்கிள் தரவரிசையில் ஒரே முறை: 2002இல் 'நெஸ்ஸாயா'. முதல் பத்துக்குள் 20க்கும் மேற்பட்ட முறை நுழைந்த குழுவுக்கு முதலிடம் ஒன்றே ஒன்று என்பது பலருக்கு வியப்பு.

பிரிட்டனில் எப்படி வென்றார்கள்?

இரண்டு அலை. முதல் அலை 2002: 'த லாஜிக்கல் சாங்' அங்கே 2ஆம் இடம், 'நெஸ்ஸாயா' 4ஆம் இடம். முன்னது ஆஸ்திரேலியா, அயர்லாந்து, நார்வே மூன்றிலும் முதலிடம். சூப்பர்டிராம்பை அந்த நாடுகளில் அறியாத வீடு இல்லை. மெட்டுக்கு விளம்பரம் தேவைப்படவில்லை.

இரண்டாம் அலை 2008 மே. 'ஜம்ப்பிங் ஆல் ஓவர் த வேர்ல்ட்' ஆல்பம் பிரிட்டனில் முதலிடம் ஏறியது. இறங்கியது மடோனாவின் 'ஹார்ட் கேண்டி'. ஜெர்மனியில் ஆறு மாதம் முன்பே வந்த ஆல்பத்தை, பழைய வெற்றிப் பாட்டுகள் அடங்கிய இன்னொரு தட்டோடு சேர்த்து அங்கே விற்றார்கள். பழைய தட்டு வாங்குபவர்கள் எந்த நாட்டுப் பதிப்பு என்று பார்த்து வாங்குங்கள், உள்ளடக்கம் ஒன்றல்ல.

ஜம்ப்ஸ்டைல் என்பது என்ன?

பெல்ஜியத்திலும் நெதர்லாந்திலும் வளர்ந்த இசையும் ஆட்டமும். 140 முதல் 150 பிபிஎம், மொட்டையான கிக், குறைந்த அலங்காரம். ஒற்றைக் காலில் குதித்து மற்றக் காலை முன்னும் பின்னும் தாளத்துக்கு உதைப்பதுதான் அடிப்படை. ஸ்கூட்டர் 2007இல் இதைப் பிடித்துக்கொண்டது. யூடியூப் அப்போதுதான் பரவிக்கொண்டிருந்த காலம். வாகனம் நிறுத்துமிடத்தில் குதிக்கும் பையன்களின் வீடியோக்கள் பாட்டையும் சேர்த்துக் கொண்டுபோயின. முழங்கால் தேய்மானம் உள்ளவர்கள் கேட்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

விமர்சகர்கள் ஏன் மதிக்கவில்லை?

டெக்னோவுக்கு முகம் கூடாது, வரி கூடாது, விளம்பரம் கூடாது என்று நம்பியவர்களுக்கு இவர்கள் மூன்றையும் கொண்டுவந்தார்கள். அந்தக் கோபம் நியாயமானதே. 'எளிய மெட்டு, சோம்பேறி வேலை' என்ற குற்றச்சாட்டுதான் நிற்காது. தெரிந்த மெட்டை எடுத்த குழுக்கள் 1990களில் எத்தனையோ. அவற்றில் பெரும்பாலானவை இரண்டு பாட்டோடு போயின. எந்த மெட்டு 145இல் ஓடும், எது ஓடாது என்று முப்பது ஆண்டு சரியாகக் கணிப்பது தேர்ச்சி. தவறியதும் உண்டு: 2011இன் 'த பிக் மேஷ் அப்' பல பாணிகளைக் கலக்கப் போய் எதிலும் கால் ஊன்றவில்லை.

கிரிமியா விவகாரம் என்ன?

2017 ஆகஸ்டில், ரஷ்யா கைப்பற்றி வைத்திருந்த கிரிமியாவில், பாலக்லாவா என்ற இடத்தில் ஒரு விழாவில் குழு வாசித்தது. உக்ரைன் அனுமதியின்றி அங்கே நுழைவது உக்ரைன் சட்டப்படி குற்றம். அந்நாட்டு அதிகாரிகள் குற்றவிசாரணை தொடங்கினார்கள்.

எங்கிருந்து கேட்கத் தொடங்குவது?

'ரஃப் அண்ட் டஃப் அண்ட் டேஞ்சரஸ்' (1998) தொகுப்பில் முதல் அத்தியாயம் முழுதும் அடங்கும். பிறகு 'புஷ் த பீட் ஃபார் திஸ் ஜாம்' (2002), இரண்டாம் அத்தியாயம். முழு ஆல்பமாகக் கேட்க வேண்டுமானால் 'அவர் ஹாப்பி ஹார்ட்கோர்' (1996), 'நோ டைம் டு சில்' (1998), 'த ஸ்டேடியம் டெக்னோ எக்ஸ்பீரியன்ஸ்' (2003). 'காட் சேவ் த ரேவ்' (2021) புதிய காலத்துக்கு நல்ல சாட்சி. பழைய ஆல்பங்களை 2013இல் '20 இயர்ஸ் ஆஃப் ஹார்ட்கோர்' வரிசையில் கூடுதல் பாட்டுகளோடு மறுபதிப்பு செய்தார்கள். தட்டாக வாங்குபவர்கள் அதைத் தேடலாம்.

1996 பாட்டையும் 2002 பாட்டையும் டிஜே செட்டில் எப்படிச் சேர்ப்பது?

பழையது 170ஐ ஒட்டி ஓடும், பின்னது 140களில். சாதாரண டெக்கில் வேகமாற்றம் கூட்ட 8, குறைக்க 8 சதவீதம். 170ஐ 8 குறைத்தால் 156.4, 145ஐ 8 கூட்டினால் 156.6. ஏறத்தாழ சந்திக்கும். ஆனால் ஒன்றின் சுருதி ஒரு அரைசுரத்துக்கு மேல் இறங்கியிருக்கும், மற்றது அதே அளவு ஏறியிருக்கும். சுருதிப் பூட்டைப் போட்டால் கிக் குழைந்துவிடும். எனவே மெட்டோடு மெட்டைச் சேர்க்காமல், ஒன்றின் வெறும் தாளப் பகுதியை மற்றதன் தாளமில்லாப் பகுதியில் வெட்டிச் சேருங்கள். 145க்குக் கீழே இருந்தால் இதுவும் எட்டாது. பாட்டை முடியவிட்டு, நடுவில் ஒரு வசனம் போட்டு, அடுத்ததைப் புதிதாகத் தொடங்குங்கள். ஸ்கூட்டரே மேடையில் அதைத்தான் செய்கிறது.

ஜெர்மனியில் கச்சேரிக்குப் போகிறேன். காதுக்கு ஆபத்தா?

அங்கே டிஐஎன் 15905-5 என்ற தரவிதி உண்டு. பார்வையாளர் இருக்குமிடத்தில் 30 நிமிடச் சராசரி 99 டெசிபலைத் தாண்டக் கூடாது. 85ஐத் தாண்டினால் நடத்துபவர் எச்சரிக்கை வைக்க வேண்டும், 95ஐத் தாண்டினால் காதடைப்பான் கொடுக்க வேண்டும். வாசலில் கேட்டு வாங்குங்கள். ஸ்கூட்டர் மேடையில் தீப்பொறிகளின் வெடிச்சத்தமும் உண்டு, அது சராசரிக் கணக்கில் தெரியாது. மேடைக்கு நேர் முன்னால் கிக் நெஞ்சில் அடிக்கும், வசனம் புரியாது. ஒலிக்கலவை மேசைக்குப் பக்கத்தில் நில்லுங்கள். பொறியாளர் எதைக் கேட்டுக் கலக்கிறாரோ அது அங்கேதான் கேட்கும்.